தையல் இல்லாத துணி

வண்டி நின்றது நின்றபடியே இருக்கிறது. பிள்ளையின் தலை என் இடது கையில் கனத்துக் கிடக்கிறது, கை மரத்துப்போய் யாருடைய கையோ போல் ஆகிவிட்டது, உருவி எடுக்கலாம், எடுத்தால் விழித்துக்கொள்வான், விழித்தால் தண்ணீர் கேட்பான், கூஜாவில் தண்ணீர் தீர்ந்துபோயிற்று. குனிந்து அவன் நெற்றியில் என் கன்னத்தை வைத்துப் பார்க்கிறேன். சுடுகிறது. சுடுகிறது, ஆனால் அந்தச் சூடு இல்லை. அந்தச் சூடு எனக்குத் தெரியும். அது வருவதற்கு முன்னால் காது மடல் சிவந்துபோகும், பிறகு வலது கைச் சுண்டுவிரல் மட்டும் தனியாகத் துடிக்கும், கரையில் கொட்டின வலையில் ஒரே ஒரு மீனுக்கு உயிர் மிச்சம் இருக்கிற மாதிரி. அந்தச் சுண்டுவிரலை என் உள்ளங்கைக்குள் பொத்தி வைத்திருக்கிறேன். சும்மா இருக்கிறது. சும்மா இரு, ராசா, பாலம் தாண்டுகிற வரைக்கும் சும்மா இரு. ஜன்னல் வழியாகப் பாலம் தெரிகிறது, இரும்புப் பாலம், கீழே பனி உருகின கலங்கல் தண்ணீர். அந்தப் பக்கம் வேறு தேசம். இந்தப் பக்கம் போன மாதம் வரைக்கும் கார்வேனியா ராச்சியம், இப்போது ராச்சியம் இல்லை, குடியரசாம். என் மடியில் கிடக்கிறவன் அந்த இல்லாத ராச்சியத்தின் இளவரசன். எமில் என்பதற்கு முன்னாலும் பின்னாலும் ஒரு முழம் பெயர் உண்டு அவனுக்கு, எனக்கு வாயில் நுழையாது, நான் ராசா என்றே கூப்பிட்டுப் பழகிவிட்டேன். எங்கள் ராயபுரத்தில் மூக்கு ஒழுகிக்கொண்டு திரிகிற பிள்ளைகூட அவன் அம்மாவுக்கு ராசாதான், அது இங்கே யாருக்கும் தெரியாது, நான் மரியாதைக்குச் சொல்கிறேன் என்று நினைத்து ராணியம்மா ஒருமுறை சந்தோஷப்பட்டார்.

ராணியம்மா எதிரே உட்கார்ந்திருக்கிறார். கையுறை போட்ட கைகளை மடியில் கோத்துக்கொண்டு, முதுகு சாயாமல், பூசையில் உட்கார்ந்திருக்கிற மாதிரி. பக்கத்தில் ஹெட்விக், ராணியம்மாவுக்குத் துணி உடுத்திவிடுகிறவள், ராணியம்மா கலியாணமாகி வந்தபோது தாய்வீட்டிலிருந்து சீர்வரிசையோடு வந்தவள். அவளும் சாயவில்லை. அவளால் சாய முடியாது. அவள் உள்சட்டைக்குள் ஒரு அரண்மனையே இருக்கிறது. பிள்ளைகள் அறையில் கதவைச் சாத்திக்கொண்டு நாங்கள் மூன்று பேரும் உட்கார்ந்து தைத்தோம், ராணியம்மா தாமே ஊசி எடுத்தார், விரலில் குத்திக்கொண்டார், ஹெட்விக் அழுதாள். ஒவ்வொரு கல்லையும் பஞ்சில் சுற்றி, பட்டை பட்டையாக இருக்கிற அந்த இறுக்கச் சட்டையின் மடிப்புகளுக்குள் சொருகி, மேலே வெல்வெட்டு நாடா வைத்து மூடினோம். பச்சைக் கல், நீலக் கல், கோழிமுட்டை மாதிரி ஒரு முத்து. ராணியம்மா என் பக்கம் திரும்பி, என் புடவையைத் தலைப்பிலிருந்து கால்வரை பார்த்தார். "ஆயா, இதுல ஒரு தையல்கூட இல்லையே, எங்கேன்னு வச்சு தைக்கிறது?" என்றார். சிரித்தார். அந்த வாரத்தில் அவர் சிரித்தது அது ஒன்றுதான். நானும் சிரித்தேன். சால்வை பின்னல் வேலை, கல்லை வைத்தால் கண் வழியாக விழுந்துவிடும். ரவிக்கை எலும்போடு ஒட்டின மாதிரி இருக்கும், ஒரு பட்டாணிகூட ஒளியாது. கோட்டுகளை எல்லாம், ராணியம்மாவின் உடுப்பைக்கூட விடாமல், ரயிலடியிலேயே பிரித்துப் பார்க்கிறார்கள் என்று முன்னமே சொல்லியிருந்தார்கள். அதனால் எல்லாக் கல்லும் ஹெட்விக் மேலேயே போயிற்று. அவள் மூச்சு விடும்போது லேசாகக் கரகரவென்று ஒரு சத்தம் வருகிற மாதிரி எனக்கு மட்டும் தோன்றுகிறதா, வெளியே நடக்கிற சிப்பாய்க்கும் கேட்குமா, கேட்காது, பஞ்சு இருக்கிறது, நானே சுற்றினேன்.

அவளிடம் கல் இருக்கிறது, என்னிடம் வேறு ஒன்று இருக்கிறது. அதைச் சொல்லிவிட வேண்டும். காலையிலிருந்து சொல்லிவிட வேண்டும், சொல்லிவிட வேண்டும் என்று வாய் திறக்கிறேன், வண்டி ஆடுகிறது, ஹெட்விக் பார்க்கிறாள், மூடிக்கொள்கிறேன். சிலுவையைத் தொட்டுச் சத்தியம் செய்தேனே. பனிக்காலத் தொடக்கத்தில் முதல்முறை வந்தது, பிள்ளைக்குத் தொண்டைக் காய்ச்சல், குளிப்பாட்டும் தொட்டி பக்கத்தில் நின்றுகொண்டிருந்தவன் கண் இரண்டும் மேலே போய், கை கால் வெட்டி வெட்டி இழுத்து, வாயில் நுரை. நான் ஏசுவே என்று கத்தினேன். டாக்டர் கிழவர் ஓடிவந்தார், நான் அவன் பல்லுக்கிடையில் திணிக்கப் போன கரண்டியைத் தட்டிவிட்டார், அவனைப் புரட்டி ஒருக்களித்துப் படுக்க வைத்தார், கழுத்துப் பித்தானை அவிழ்த்தார், வாயை ஒரு விரலால் கீழ்நோக்கித் திருப்பி எச்சில் தானாக வழியவிட்டார். பிறகு என்னைப் பார்த்துத் தலையை இப்படியும் அப்படியும் ஆட்டி, கரண்டி கூடாது, மருந்து கூடாது, தண்ணீர் கூடாது, எதுவும் வாய்க்குள் கூடாது என்று கையாலேயே சொன்னார். மூச்சுக்குழலைக் காட்டி, இறுகப் பிடித்து, கண்ணை மூடிக் காட்டினார். செத்துப்போவான் என்று அர்த்தம். எனக்கு விளங்கியது. ஒருக்களித்துப் படுத்திருந்தால் தானாக அடங்கிவிடும், ஈரத்துணியால் துடைத்தால் போதும். அன்று சாயங்காலம் மன்னர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். இங்கிலீஷில் பேசினார். "இது உனக்கும் டாக்டருக்கும் எனக்கும் மட்டும் தெரியணும். ராணிக்குத் தெரிஞ்சா தாங்கமாட்டா. ஊருக்குத் தெரிஞ்சா வாரிசு உருப்படாதவன்னு நாளைக்கே பத்திரிகையில எழுதுவான்." இது, இது என்றுதான் சொன்னார், அதற்கு ஒரு பேர் சொல்லவில்லை. அதனால் வலிப்புக்கு இங்கிலீஷில் என்ன பேர் என்று எனக்கு இன்றுவரை தெரியாது. சிலுவையைக் கழற்றி நீட்டினார், நான் தொட்டேன். மாராசா கேட்டால் யார் தொடமாட்டார்கள். இப்போது அந்த மாராசா போன வாரமே வேறு பாதை வழியாகப் போய்விட்டார். கூட்டம் அரண்மனைக்குள் நுழைந்த அன்றைக்கே டாக்டர் கிழவர் காணாமல் போனார், செத்தாரோ இருக்கிறாரோ. மூன்று பேருக்குத் தெரிந்தது இப்போது இந்தப் பெட்டிக்குள் ஒருத்திக்குத் தெரியும். சத்தியம் வாங்கினவருக்கு ராச்சியம் இல்லை, அவர் வாங்கின சத்தியம் மட்டும் செல்லுமா. செல்லும், சிலுவை மேல் செய்தது, சிலுவைக்கு ஏது குடியரசு. ஆனால் பெற்றவள் அவள். பெற்றவளிடம் மறைப்பது என்ன சத்தியம். பாலம் தாண்டட்டும். தாண்டினதும் ஹெட்விக் தூங்குகிற நேரம் பார்த்துச் சொல்லிவிடுகிறேன். நான்தான் கூடவே இருக்கிறேனே, அதுவரை என்ன.

வெளியே பூட்சுக் கால்கள் போகின்றன, வருகின்றன. ஒருவன் சீட்டியடிக்கிறான். ரயிலடியின் கொடிக்கம்பத்தில் பழைய கொடியே பறக்கிறது, நடுவில் இருந்த கிரீடத்தை மட்டும் கத்தரித்து எடுத்துவிட்டார்கள், அந்த ஓட்டை வழியாக வானம் தெரிகிறது. தலைநகரிலும் அப்படித்தான், தபால்பெட்டியில், டிராம் வண்டியில், ரொட்டிக்கடைப் பலகையில், எங்கே பார்த்தாலும் கிரீடம் இருந்த இடத்தில் சுரண்டின தழும்பு. எப்படி இவ்வளவு சீக்கிரம். நான் வந்த வருடம் மன்னர் கோயிலுக்குப் போனால் தெருவில் முழங்கால் போட்டார்கள், சகதியில் போட்டார்கள், பட்டுக் கவுன் போட்டவள்கூடப் போட்டாள். அதே ஜனம்தான் வாயிற்கதவை உடைத்தது. முதலில் சமையற்காரர்கள் போனார்கள், ஒரு காலையில் அடுப்பு எரியவில்லை. பிறகு விளக்குக்காரர்கள். பிறகு வாசல் சிப்பாய்கள், அவர்கள் போனார்களா உள்ளே வந்தார்களா என்றே தெரியவில்லை, தொப்பியில் சிவப்பு நாடாவைக் கட்டிக்கொண்டு அதே வாசலில் நின்றார்கள். பிள்ளைகள் அறைச் சுவரில் ஒரு பெரிய படம் மாட்டியிருக்கும், யாரோ பாட்டியம்மாளின் வீட்டுக் கலியாணத்தில் எடுத்தது, மாப்பிள்ளை பெண்ணைச் சுற்றி மீசையும் வைரமுமாக ஒரு கூட்டம். ராணியம்மா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு விரல் வைத்துச் சொல்வார், இது வடக்கே மாமா, இது உன் சித்தப்பா, இது கடல் பக்கத்து அத்தை. எல்லாரும் ராசா, எல்லாரும் ராணி, எல்லாரும் ஒருவருக்கொருவர் சொந்தம், உலகத்து ராச்சியம் எல்லாம் ஒரே வீட்டுச் சொத்து போலிருக்கும். சண்டை வந்தது, மாமா ஒரு பக்கம் சித்தப்பா ஒரு பக்கம். அப்புறம் ஒவ்வொரு சேதியாக வந்தது. வடக்கு மாமாவைச் சுவரோரம் நிறுத்திச் சுட்டுவிட்டார்கள் என்றார்கள், ஒருவர் ராத்திரியோடு ராத்திரியாக ஓடிப்போனார் என்றார்கள், ஒரு அத்தை எங்கேயோ வாடகை வீட்டில் தானே காப்பி போட்டுக்கொள்கிறாள் என்றார்கள். அதைக் கேட்டபோதுதான் ராணியம்மா அழுதார், சுட்டதைக் கேட்டபோது அல்ல. "பாவம், அவளுக்கு அடுப்பு மூட்டத் தெரியாதே, ஆயா." எனக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. ராணியம்மாவுக்கு மட்டும் என்ன தெரியும். பிள்ளைக்குச் சாக்ஸ் போட்டுவிட்டதில்லை. பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் வாசலில் நின்று, கைக்குட்டையை வாயில் வைத்துக்கொண்டு, "எப்படி இருக்கான்?" என்று கேட்பார். பாசம் இல்லாமல் இல்லை. யாரும் அவரை உள்ளே விட்டதில்லை, அதுதான்.

என் பிள்ளைக்கு நான் அது மாதிரிகூட இல்லை. இன்னாசி. அவன் அப்பா மசூலா படகுக்காரர், கப்பலிலிருந்து துரைமாரைக் கரைக்கு இறக்குகிற படகு, ஒரு புயல் மாதத்தில் படகு மட்டும் திரும்பி வந்தது. நான் ஒரு வெள்ளைக்காரத் துரை வீட்டில் ஆயாவானேன். துரைக்கு இந்த ஊரில் தூதர் வேலை கிடைத்தபோது, துரைசானி "ரெண்டு வருஷம்தான், மதலேன்" என்று கூட்டிவந்தாள். இன்னாசியை நாத்தனார் லூர்தம்மாளிடம் விட்டேன். தூங்கிக்கொண்டிருந்தான், எழுப்பவில்லை, எழுப்பினால் என்னால் போக முடியாது. இரண்டு வருடம் கழித்துத் துரை குடும்பம் ஊருக்குப் புறப்பட்டபோது இங்கே இவன் பிறந்து நிற்காமல் அழுதுகொண்டிருந்தான். விருந்துக்கு வந்த ராணியம்மா, துரைசானியின் குழந்தை என் தோளில் தூங்குவதைப் பார்த்தார். என்னைக் கேட்டார். ஒரு குடையை இரவல் கேட்கிற மாதிரிதான் கேட்டார், துரைசானி குடையைக் கொடுக்கிற மாதிரி கொடுத்தாள். யாரும் என்னைக் கேட்கவில்லை என்று சொன்னால் அது பொய், கேட்டார்கள், ராணி வீட்டுச் சம்பளம் என்றார்கள், நான் தலையாட்டினேன். அப்புறம் சண்டை, கப்பல் இல்லை, கடல் முழுக்க வெடிகுண்டு. இன்னாசிக்கு இப்போது மீசை அரும்பியிருக்கும். குரல் உடைந்திருக்கும். எனக்கு அவன் முகத்தை நினைத்தால் இந்தப் பிள்ளையின் முகம் வருகிறது, கறுத்த நிறத்தில் இந்த நீலக்கண், திடுக்கென்கிறது, தலையை உதறிக்கொள்கிறேன். சுண்டுவிரல். சும்மாதான் இருக்கிறது. காது? ஜன்னல் வெளிச்சத்தில் சிவப்பாகத் தெரிகிறதா, கம்பளி உரசினதா. பார்க்கக்கூடாது, பார்த்தால் வந்துவிடும்.

கதவு திறக்கிறது. குளிர் முதலில் உள்ளே வருகிறது, பிறகு ஒரு மனிதர். கையில் சிவப்புப் பட்டை கட்டியிருக்கிறார், கண்ணாடி, கோட்டில் சுண்ணாம்புத் தூள் மாதிரி ஏதோ வெள்ளை, பள்ளிக்கூட வாத்தியாராக இருந்திருப்பார். பின்னால் இரண்டு சிப்பாய்கள். அவர் தொப்பியைக் கழற்றினார், அப்புறம் ஏன் கழற்றினோம் என்று நினைத்தவர் போல் மறுபடி போட்டுக்கொண்டார். ராணியம்மாவிடம் பிரெஞ்சில் பேசுகிறார். எனக்குப் பிரெஞ்சு வராது. ராணியம்மா ஏதோ சொல்கிறார், அவர் இல்லை என்கிறார், மெதுவாக, பணிவாக, மாறாமல். ஒரு விரலைத் தூக்கிக் காட்டுகிறார். ராணியம்மா என்னைப் பார்க்கிறார். ஹெட்விக்கைப் பார்க்கிறார். மறுபடி என்னை. அந்த ஒரு விரல் அப்படியே நிற்கிறது. எதற்கு ஒன்று, என்ன ஒன்று. ராணியம்மா என் பக்கம் திரும்பி இங்கிலீஷுக்கு மாறினார், குரல் எப்போதும் போலத்தான் இருக்கிறது, உதடுதான் வெளுத்திருக்கிறது. "ஆயா, கூட ஒரே ஒரு ஆள்தான் வரலாமாம். மத்தவங்க இங்கேயே இறங்கணுமாம். வேலைக்காரங்க எல்லாருக்கும் விடுதலையாம்." விடுதலை என்ற வார்த்தையை அந்த வாத்தியார் புரிந்துகொண்டார் போலிருக்கிறது, என்னைப் பார்த்துத் தலையசைத்தார், நல்ல சேதி சொன்னவர் மாதிரி. அவர் முகத்தில் ஒரு துளி வஞ்சகம் இல்லை. இருந்திருந்தால் நான் வெறுத்திருப்பேன், அது சுலபமாக இருந்திருக்கும்.

நான்தான் போவேன் என்று நினைத்தேன். ஒரு மூச்சு விடுகிற நேரம் அப்படித்தான் நினைத்தேன், பிள்ளை என் மடியில் கிடக்கிறான், பிள்ளையை எடுக்காமல் என்னை எப்படி இறக்குவார்கள். அப்புறம் ஹெட்விக்கின் முகத்தைப் பார்த்தேன். அவள் கையை மார்பில் வைத்துக்கொண்டாள், ஜெபம் சொல்கிறவள் மாதிரி, கல்லின் மேல். ராணியம்மா அந்தக் கையைப் பார்த்தார். முடிந்துபோயிற்று. அவர் வாய் திறப்பதற்கு முன்பே எனக்குத் தெரிந்துவிட்டது. அவரைக் குற்றம் சொல்ல முடியுமா, அந்தப் பக்கம் போனால் அடுப்பு மூட்டத் தெரியாதவள், பிள்ளைக்கு என்ன போட்டு வளர்ப்பாள், அந்தக் கல்தான் இனி பால், ரொட்டி, வாடகை வீடு. என்னிடம் இருப்பது அவருக்குத் தெரியாதே. இப்போது சொல்லு, மதலேன். இப்போது. என்னவென்று சொல்வது. வாத்தியாரிடம் ஹெட்விக்கைக் காட்டி, சட்டையைத் தொட்டுக் காட்டினால் போதும், பாஷை வேண்டாம், அவளை இறக்கிவிடுவார்கள், நான் பிள்ளையோடு போவேன். போவேனா. கல்லைப் பிடித்தால் ராணியம்மாவை விடுவார்களா, பிள்ளையை விடுவார்களா, எல்லாரையும் தலைநகருக்குத் திருப்பி, அந்த வடக்கு மாமாவை நிறுத்தின மாதிரி ஒரு சுவரில். ஐயோ. விரல் தூக்க வராது எனக்கு. அப்படியானால் மற்றதைச் சொல்லு. வலிப்பு, வலிப்பு என்று தமிழில் ஓடுகிறது, வெளியே வர ஒரு வார்த்தை இல்லை. "மேடம், பிள்ளை... ராத்திரி... பிள்ளை ரொம்ப சிக்..." என்கிறேன். "தெரியும் ஆயா, காய்ச்சல்தானே, அந்தப் பக்கம் போனதும் டாக்டர் இருக்கார்." ராணியம்மா கண்ணில் தண்ணீர். "உன்னை எப்படியும் வரவழைச்சுக்குவேன். என்னை நம்பு." நம்புகிறேன், அது இல்லை, நான் வருவதைப் பற்றி இல்லை, மேடம். சிப்பாய் என் தோளைத் தொட்டான். முரட்டுத்தனமாக இல்லை, கதவு அந்தப் பக்கம் என்று காட்டுகிற மாதிரி. ஹெட்விக் கை நீட்டினாள். நான் கையை உருவினேன், மரத்த கை, பிள்ளையைக் கொடுத்ததே அந்தக் கைக்குத் தெரியவில்லை, கொடுத்த பிறகும் கனம் அப்படியே இருந்தது. அவள் அவனைத் தோளில் சாத்தினாள். நெஞ்சில் அழுந்தியதும் அவன் முகம் சுளித்தான், தலையை அந்தப் பக்கம் திருப்பினான், இந்தப் பக்கம் திருப்பினான், எந்தப் பக்கமும் கல். தூக்கத்திலேயே முனகினான். ஹெட்விக் தன் சின்னப் புட்டியைத் தேடினாள், பிராந்தி, அவளுக்கு எல்லா வியாதிக்கும் ஒரு கரண்டி பிராந்தி, தலைவலிக்கும் அதுதான், தூக்கத்துக்கும் அதுதான், பிள்ளை கத்தினாலும் அதுதான். கரண்டி. வாய்க்குள் கரண்டி. என் கால் கீழே இறங்கிவிட்டது, கல் தரையில் நிற்கிறேன், எப்படி இறங்கினேன்.

சீட்டி ஊதுகிறது. நீராவி. ஜன்னல் பக்கம் ஓடுகிறேன், புடவை காலில் சுற்றுகிறது, ராணியம்மா ஜன்னல் கண்ணாடியை இறக்குகிறார், இறக்கத் தெரியாமல் தோல்வாரை இழுக்கிறார், பாதிதான் இறங்குகிறது. "ஆயா! அவனுக்கு மருந்து எப்போ குடுக்கணும்?" இதோ கேட்டுவிட்டார், கேட்கிறார், சொல்லு. சொல்கிறேன், வாயில் முதலில் வருவதெல்லாம் வருகிறது, பாலை ஆறவைத்துக் கொடுக்கக்கூடாது, மேலே ஆடை இருந்தால் துப்பிவிடுவான், விளக்கை முழுக்க அணைக்கக்கூடாது, கம்பளிச் சாக்ஸ் போட்டால் பருத்தி உள்ளே போடணும். எதற்கு இதெல்லாம், இதுவா முக்கியம், வாய் ஏன் இதையே எடுக்கிறது. வண்டி அசைகிறது. நான் கூடவே நடக்கிறேன். "மேடம், பிள்ளை ஷேக்! பாடி ஷேக்! ஷேக், ஷேக்!" இரண்டு கையையும் உதறி உதறிக் காட்டுகிறேன், கண்ணை மேலே ஏற்றிக் காட்டுகிறேன். ராணியம்மா நெற்றியைச் சுருக்குகிறார், என்ஜின் இரைகிறது, என் சத்தம் பாதிதான் போகிறது. பிறகு அவர் முகம் தெளிந்தது. பெரிதாகத் தலையாட்டினார். பக்கத்திலிருந்து மருந்துச் சீசாவை எடுத்து ஜன்னலில் தூக்கிக் காட்டினார். "குலுக்கிட்டுக் குடுக்கணும்! புரிஞ்சுது ஆயா! நல்லாக் குலுக்கிட்டுக் குடுக்கறேன்!" இல்லை. இல்லை மேடம். நோ, நோ, வாயில் வேண்டாம், ஒன்றும் வாயில் வேண்டாம். அவர் கைக்குட்டையை ஆட்டினார். அவருக்கு முதல்முறையாகப் பிள்ளையைப் பற்றி ஒன்று தெரிந்துவிட்டது, அந்தச் சந்தோஷம் கூட முகத்தில் இருந்தது. ரயிலடி முடிந்துவிட்டது, கல்தரை முடிகிற இடத்தில் சரளை, அதற்கப்புறம் சிப்பாய் துப்பாக்கியைக் குறுக்கே நீட்டிக்கொண்டு நிற்கிறான். பாலத்தின் மேல் பெட்டிகள் ஒவ்வொன்றாக ஏறுகின்றன. இரும்பு அதிர்கிற சத்தம் நெஞ்சுக்குள் கேட்கிறது. கடைசிப் பெட்டியும் போயிற்று.

வாத்தியார் என் பக்கத்தில் வந்து நின்றார். அந்த ஊர்ப் பாஷையில் மெதுவாக, பிள்ளைகளுக்குச் சொல்வது போல் பேசினார், எனக்கு அடுக்களைப் பேச்சு மட்டும்தான் தெரியும், ரொட்டி, தண்ணீர், வா, போ. ரொட்டி என்று சொன்னார். பயம் வேண்டாம் என்று சொல்லியிருப்பார். பிறகு பாலத்தைக் காட்டி, என் கையைப் போலவே தன் கையை உதறிக் காட்டி, என்ன என்று கேட்டார். என்ன கத்தினாய் என்று கேட்கிறார். கேட்க ஒரு ஆள். அவரிடம் சொல்ல எந்தச் சத்தியமும் தடுக்கவில்லை, பாஷைதான் இல்லை. நான் கல்தரையில் உட்கார்ந்தேன். படுத்தேன். மல்லாந்து கிடந்து கை கால்களை வெட்டி வெட்டி இழுத்தேன், பல்லைக் கடித்தேன், வாயிலிருந்து எச்சிலை வழியவிட்டேன். சிப்பாய்கள் ஓடிவந்தார்கள், ஒருவன் சிலுவைக்குறி போட்டுக்கொண்டான். நான் எழுந்து உட்கார்ந்து, கையால் இடுப்பளவு உயரம் காட்டினேன், சின்னப் பிள்ளை. ரயில் என்று பாலத்தைக் காட்டினேன். ஒரு கரண்டியை வாயில் ஊற்றுவது மாதிரி செய்து, இரண்டு கையாலும் இல்லை இல்லை என்றேன். தொண்டையைப் பிடித்துக் கண்ணை மூடிக் காட்டினேன். பிறகு ஒருக்களித்துப் படுத்தேன், கன்னத்தைக் குளிர்ந்த கல்லில் வைத்து, வாயைக் கீழ்நோக்கித் திறந்து, என் முதுகை என் கையாலேயே எட்டித் தட்டிக்கொண்டேன். இப்படி. இப்படிப் படுக்க வைக்கணும். அவர் முகம் வெளுத்துப்போயிற்று. புரிந்துவிட்டது. அவருக்கும் பிள்ளைகள் இருக்குமோ என்னவோ. "டெலிகிராப்" என்றார், அந்த வார்த்தை எல்லா ஊரிலும் ஒன்றுதான், எனக்கும் தெரியும். ஓடினார், கண்ணாடி மூக்கில் குதிக்க ஓடினார், அடுத்த பக்கத்து ரயிலடிக்குத் தந்தி அடித்தால் வண்டி நிற்கும்போது யாராவது ஏறிப் போய்ச் சொல்வார்கள், ஒரு வரி போதும், ஒருக்களித்து என்று ஒரு வார்த்தை போதும். மாதாவே. நான் எழுந்திருக்கவில்லை. எழுந்தால் ஏதோ கெட்டுவிடும் போலிருந்தது. கல்லின் குளிர் காதுக்குள் ஏறுகிறது.

தந்தி அறைக் கதவு திறந்தது. அவர் ஓடிவரவில்லை. நடந்து வந்தார். என் தலைமாட்டில் குந்தி உட்கார்ந்தார், தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார், இந்தத் தடவை மறுபடி போட்டுக்கொள்ளவில்லை. பாலத்துக்கு மேலே போகிற தந்திக் கம்பத்தைக் காட்டினார். பார்த்தேன். கம்பி தொங்குகிறது. பாதியில் அறுந்து, ஆற்றுத் தண்ணீரை நுனி தொட, காற்றில் ஆடுகிறது. இரண்டு விரலைக் கத்தரி மாதிரி வைத்து வெட்டிக் காட்டினார். அப்புறம் அதே விரல்களைத் தன் மார்பில் வைத்தார், சிவப்புப் பட்டை கட்டின அந்தக் கையால், நாங்கள்தான், நாங்கள்தான் என்று, எனக்கு விளங்கவில்லையோ என்று நினைத்துத் திரும்பத் திரும்ப.